கொடியேறாத ஆண்டும் ஒரு நைஜீரிய நாவலும்

உரோமை மாநகரில் நாம் உயர்கல்வி பயின்ற ஈராண்டுக் காலத்தில் எமக்கு அடுத்த அறையில் தங்கியிருந்தவர் நைஜீரியா நாட்டுக் குருவானவர் ஒருவர். ஈபோ இனத்தவர். உயரமும் பருமனும் மிக்கவர். சிரித்தால் தாழ்வாரம் முழுவதும் கேட்கும். அவருடைய நாட்டிலிருந்து யாரேனும் வந்தால் கிழங்கு கொண்டுவருவார்கள். அதை வேகவைத்து, இடித்து, களியாகத் திரட்டி, எம்மையும் அழைத்து அமர்த்தி உண்ணச் செய்வார். கேழ்வரகுக் களியை உருட்டிக் குழம்பில் தோய்த்து உண்டு வளர்ந்த எமக்கு அதில் அந்நியம் ஒன்றும் தோன்றவில்லை. படிப்பு முடிந்து பிரியும் நாளில் அவர் எம் கையில் ஒரு நூலைத் திணித்தார். அட்டை மடங்கியிருந்தது, ஓரங்களில் பென்சில் கோடுகள் இருந்தன. "இதை எழுதியவர் ஓர் உபதேசியாரின் மகன். பூசாரி ஒருவரைப் பற்றிய கதை. நம் போன்றவர்கள் படிக்க வேண்டியது" என்றார். நாம் நன்றி கூறிப் பெட்டிக்குள் வைத்தோம். ஒன்பது ஆண்டுகள் அஃது அங்கேயே கிடந்தது.

அதற்குச் சோம்பல் மட்டும் காரணமன்று. ஆப்பிரிக்கா என்றால் எமக்குச் சிறுவயது முதல் தெரிந்தது மறைபரப்பு ஞாயிறுதான். அக்டோபர் மாதத்தில் உண்டியல் வரும். அதனோடு ஒரு படமும் வரும்: வயிறு வீங்கிய கறுப்புக் குழந்தை ஒன்று, அதன் தலைமீது கை வைத்து நிற்கும் தாடிக்கார வேதபோதகர் ஒருவர். நாமும் பத்துப் பைசா போட்டோம், செபமாலை சொன்னோம். அந்தக் குழந்தை வளர்ந்து, படித்து, அந்தத் தாடிக்காரரைப் பற்றி ஒரு நாவல் எழுதக்கூடும் என்ற எண்ணம் எமக்கு ஒருபோதும் தோன்றியதில்லை. குருமடத்திலும் எவரும் தோன்றச் செய்யவில்லை.

இனி, எமது வாழ்வில் நேர்ந்த ஒன்றைச் சொல்லியாக வேண்டும். முன்பு நாம் பணியாற்றிய ஒரு சிற்றூர்ப் பங்கில் திருவிழாக் குழுவினருக்கும் எமக்கும் பிணக்கு ஏற்பட்டது. முந்திய ஆண்டின் வரவு செலவுக் கணக்கை நாம் கேட்டோம், அவர்கள் இழுத்தடித்தனர். கணக்குக் கேட்டது முறையே. அதில் எமக்கு இன்றும் ஐயமில்லை. ஆனால் கூட்டத்தில் ஓர் இளைஞர் எழுந்து, எமது பிறந்த ஊரைச் சுட்டி ஒரு சொல் சொல்லிவிட்டார். சிலர் சிரித்தனர். நாம் எழுந்து நின்று, "கணக்கு வராமல் கொடி ஏறாது" என்றோம். அன்றிரவு பெரியவர்கள் மூவர் அறைவீட்டுக்கு வந்தனர். "சாமி, கணக்குக்கு நாங்கள் பொறுப்பு. குற்றம் எதுவானாலும் எங்கள் தலைமேல் இருக்கட்டும். கொடியை மட்டும் ஏற்றிவிடுங்கள்" என்று மன்றாடினர். கோவிலின் மாண்பு என்றும் ஒழுங்கு என்றும் பலவற்றைச் சொல்லி அவர்களை அனுப்பிவிட்டோம்.

அவ்வாண்டு கொடி ஏறவில்லை. பம்பாயிலிருந்தும் வளைகுடா நாடுகளிலிருந்தும் விடுப்பெடுத்து வந்தவர்கள் பூட்டிய தேர்க்கொட்டகையைப் பார்த்துவிட்டுத் திரும்பினர். பேரன் நோயிலிருந்து பிழைத்ததற்கு நேர்ச்சையாக அசனம் கொடுக்கவென்று இரண்டு மூட்டை அரிசி வாங்கி வைத்திருந்த ஒரு மூதாட்டி, அடுத்த ஆண்டுக் கொடியேற்றத்திற்கு முன்பே இறந்துபோனார். அடக்கச் சடங்கை நாமே நிறைவேற்றினோம்.

அதன்பின் எமக்கு மாற்றல் வந்தது. புதிய பங்கில் பெட்டியைத் திறந்து அடுக்கும்போது அந்த நூல் கைக்கு வந்தது. மழை பெய்துகொண்டிருந்தது, மின்சாரம் இல்லை. மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் இரண்டு இரவுகளில் படித்து முடித்தோம்.

நூலின் பெயர் 'ஆரோ ஆஃப் காட்', அதாவது 'இறைவனின் அம்பு'. எழுதியவர் சினுவா அச்சிபே. வெளிவந்த ஆண்டு 1964. கதை நிகழும் காலம் 1920-களின் தொடக்கம்; நைஜீரியாவில் ஆங்கிலேயர் ஆட்சி வேர்பிடித்துவிட்ட வேளை. உமுவாரோ என்பது ஆறு ஊர்கள் கூடிய ஓர் ஈபோ நாடு. அடிமை பிடிக்க வந்த கொள்ளையரிடமிருந்து தங்களைக் காத்துக்கொள்ள இந்த ஆறு ஊராரும் முன்னொரு காலத்தில் ஒன்றுகூடி, உலு என்ற ஒரு தெய்வத்தை நிறுவிக்கொண்டனர். அத்தெய்வத்தின் தலைமைப் பூசாரியே எஸெயூலு. ஒவ்வொரு பிறை தோன்றும்போதும் அவர் ஒரு புனிதக் கிழங்கைச் சுட்டு உண்ண வேண்டும். கிழங்குகள் முடியும்போது புதுக்கிழங்குத் திருவிழாவுக்கு நாள் குறிக்க வேண்டும். அவர் நாள் குறித்த பின்னரே மக்கள் வயலில் கிழங்கு தோண்டலாம். (கிழங்கு என்றதும் சர்க்கரைவள்ளியை எண்ணற்க. இது காச்சில் இனத்தைச் சேர்ந்த பெரிய கிழங்கு. குமரி மாவட்டத்தார் அறிவர். ஈபோ மக்களுக்கு அஃது உணவு மட்டுமன்று. ஓர் ஆண்மகனின் மதிப்பே அவனுடைய களஞ்சியத்தில் அடுக்கிய கிழங்கைக் கொண்டுதான்.)

எஸெயூலு பொய் சொல்லாதவர். நிலத் தகராறு ஒன்றில் தம் சொந்த ஊருக்கு எதிராகவே வெள்ளை அதிகாரியிடம் உண்மை உரைத்தவர். அதனால் ஊரில் அவருக்குப் பகைவர் பலர். ஒரு மகனைக் கிறிஸ்தவர்களிடம் அனுப்பி, அவர்கள் யாது செய்கின்றனர் என்று பார்த்துவரச் சொல்லும் அளவுக்கு முன்னறிவும் உடையவர். அம்மகனோ ஊரார் புனிதமாகக் கருதும் மலைப்பாம்பைப் பெட்டிக்குள் அடைத்துவைத்து ஊரையே கொதிக்கச் செய்கிறான். இதற்கிடையில், எஸெயூலுவின் நேர்மையை மெச்சிய அதிகாரி வின்டர்பாட்டம், அவரை அரசாங்கத் தலைவராக நியமிக்க எண்ணி அழைத்துவர ஆளனுப்புகிறார். பூசாரி தம் ஊரை விட்டு நகரமாட்டார். அழைப்பு கைதாக மாறுகிறது. பதவியை அவர் மறுக்கவே, சிறைவாசம் நீள்கிறது. அவருக்காக ஊரார் ஒருவரும் எழவில்லை.

சிறையில் இரண்டு பிறைகள் கடந்துவிடுகின்றன. அவற்றுக்குரிய கிழங்குகள் உண்ணப்படாமல் கிடக்கின்றன. விடுதலையாகி ஊர் திரும்பிய எஸெயூலு, அறுவடைக் காலம் வந்தும் நாள் குறிக்க மறுக்கிறார். பிறைக்கு ஒரு கிழங்கு என்பதே முறை. முறையை மீற முடியாது என்கிறார். ஊர்ப் பெரியவர்கள் திரண்டு வருகின்றனர். எஞ்சிய கிழங்குகளை இப்போதே உண்டுவிடும்படியும், அதனால் தெய்வக் குற்றம் நேர்ந்தால் அது தங்களையே சேரட்டும் என்றும் கெஞ்சுகின்றனர்.

மெழுகுவர்த்தியைக் கீழே வைத்துவிட்டோம். அந்தப் பக்கத்தின் ஓரத்தில் எம் நண்பரின் பென்சில் கோடு இருந்தது.

எஸெயூலு இசையவில்லை. மழை நின்றுவிடுகிறது, மண் இறுகுகிறது, கிழங்கு மண்ணுக்குள்ளேயே கெடுகிறது. குழந்தைகள் பசியால் வாடுகின்றனர். அப்போது அவ்வூர்க் கிறிஸ்தவ உபதேசியார் ஓர் அறிவிப்புச் செய்கிறார்: கிறிஸ்தவர்களின் கடவுளுக்குக் காணிக்கையாகக் கிழங்கு கொண்டுவருவோர் எத்தெய்வத்துக்கும் அஞ்சாமல் அறுவடை செய்யலாம் என்று. எஸெயூலுவின் அன்பு மகன் ஒபிகா திடீரென இறக்கிறான். பூசாரியின் அறிவு பேதலிக்கிறது. மக்கள் தங்கள் கிழங்கைக் கிறிஸ்தவக் கோவிலுக்குச் சுமந்து செல்கின்றனர்.

நம் வாசகர்களில் சிலர், 'அப்படியானால் இது கிறிஸ்தவம் வென்ற கதைதானே' என்று மகிழக்கூடும். நாமும் ஒரு கணம் மகிழ முயன்றோம், முடியவில்லை. அச்சிபே ஒரு கேள்வியை மட்டும் விட்டுச்செல்கிறார். நாள் குறிக்க மறுத்தது தெய்வமா, பூசாரியின் புண்பட்ட நெஞ்சமா? எஸெயூலுவுக்கே விடை தெரியாது. தம் பழியைத் தீர்க்கும்போதெல்லாம் தம் தெய்வத்தின் ஆணையையே நிறைவேற்றுவதாக அவர் மனமார நம்புகிறார். போலிப் பூசாரியாக இருந்திருந்தால் ஊருக்கு அத்தனை கேடு விளைந்திராது. கெஞ்சி வந்தவர்களிடம் நாம் உரைத்த 'கோவிலின் மாண்பு' என்ற சொற்கள் எம் காதில் அன்றிரவு வேறு விதமாக ஒலித்தன. அவ்விளைஞரைத் தேடிச் சென்று பேசும் துணிவு எமக்கு வந்தது அதற்கும் இரண்டு ஆண்டுகள் கழித்தே. அவர் அந்தச் சொல்லையே மறந்துவிட்டிருந்தார். மூதாட்டியின் அரிசி மூட்டைகளை மட்டும் மறக்கவில்லை.

நிற்க. இந்நூலை எழுதியவரைப் பற்றித் தேடத் தொடங்கினோம். சினுவா அச்சிபே 1930 நவம்பரில் ஒகிடி என்னும் ஊரில் பிறந்தவர். தந்தையார் ஐசாயா ஆங்கிலிக்கன் திருச்சபையின் வேதபோதக சங்கத்தில் உபதேசியாராகவும் ஆசிரியராகவும் பணியாற்றியவர். பிள்ளைக்கு ஞானஸ்நானத்தில் ஆல்பர்ட் என்று பெயரிட்டார். பல்கலைக்கழகத்தில் பயிலும்போது பிள்ளை அப்பெயரைத் துறந்தார். ஆனால் தந்தையைத் துறக்கவில்லை. 'இறைவனின் அம்பு' அத்தந்தையின் நினைவுக்கே காணிக்கையாக்கப்பட்டுள்ளது. உபதேசியாரின் நினைவுக்குப் 'புறமதப்' பூசாரியின் கதையைக் காணிக்கையாக்கும் ஒரு மகனை எண்ணிப் பாருங்கள்.

அவருடைய முதல் நாவல் 'திங்ஸ் ஃபால் அப்பார்ட்' 1958-இல், அவருக்கு 27 வயதிருக்கும்போது வெளிவந்தது. கையெழுத்துப் படியை இலண்டனிலிருந்த ஒரு தட்டச்சு நிலையத்துக்கு அனுப்பிவிட்டு, மாதக்கணக்கில் பதிலின்றிக் காத்திருந்தார். வேறு படி கிடையாது. விடுப்பில் இலண்டன் சென்ற உடன்பணியாளர் ஒருவர் நேரில் போய்க் கேட்ட பின்னரே, மூலையில் கிடந்த அது தட்டச்சு கண்டது. முதற்பதிப்பு 2,000 படிகளே. இன்று 50-க்கு மேற்பட்ட மொழிகளில் உள்ளது, தமிழிலும் உண்டு.

அக்கதை பலரும் அறிந்ததாதலின் விரித்துரைக்கவில்லை. ஒன்றை மட்டும் சொல்வோம். கதைத்தலைவன் ஒகோங்குவோவின் வீட்டில், வேற்றூரிலிருந்து ஈட்டுப் பிள்ளையாகக் கொண்டுவரப்பட்ட இக்கெமெஃபுனா என்னும் சிறுவன் மூன்றாண்டு வளர்கிறான். அவனைத் தந்தை என்று அழைக்கிறான். பின்னர் தெய்வ வாக்கின்படி அவனைக் காட்டுக்குக் கொண்டுசென்று கொல்கின்றனர்; கோழை என்று பெயர் வருமோ என அஞ்சி ஒகோங்குவோவே வெட்டுகிறான். ஒகோங்குவோவின் மகன் நுவோயேக்கு அன்று உள்ளே ஏதோ முறிந்துவிடுகிறது. இரட்டைக் குழந்தைகளைக் காட்டில் எறியும் வழக்கமும் அவனை முன்பே அச்சுறுத்தியிருந்தது. வேதபோதகர்கள் வந்தபோது அவனை ஈர்த்தது தர்க்கமன்று. திரித்துவ விளக்கம் அவனுக்குப் புரியவேயில்லை. அவர்கள் பாடிய பாட்டே அவனை ஈர்த்தது. மனமாற்றம் என்பதைப் பற்றி நாம் குருமடத்தில் படித்த பாடநூல்கள் பல. அவற்றில் எதுவும் இவ்வளவு துல்லியமாக அதைச் சொன்னதில்லை. அதே நூலில் அந்தத் திருச்சபையால் தகப்பனும் மகனும் பிரிகின்றனர், ஊர் இரண்டாகிறது, ஒகோங்குவோ தூக்கிட்டு மடிகிறான். இரண்டும் உண்மை. ஒன்றைச் சொல்லி மற்றொன்றை மறைக்க அச்சிபேக்கு மனமில்லை. அவர் 2013 மார்ச்சில் அமெரிக்காவில் மறைந்தார். 1990-இல் நேர்ந்த ஒரு கார் விபத்துக்குப் பின் சக்கர நாற்காலியிலேயே வாழ்ந்தார்.

மேற்காப்பிரிக்க எழுத்தாளர்களைத் தொடர்ந்து படிக்குங்கால் ஒன்று புலப்பட்டது. அவர்களுள் பலர் அறைவீட்டு முற்றத்திலும் பங்குப் பள்ளியிலும் வளர்ந்தவர்கள். 1986-இல் நோபல் பரிசு பெற்ற வோலே சொயிங்கா, அபெயோகுட்டாவில் ஆங்கிலிக்கன் பள்ளித் தலைமையாசிரியர் ஒருவரின் மகன். கோவில் வளாகத்தில் கழிந்த தம் பிள்ளைப்பருவத்தை அவர் 'ஆக்கே' என்ற நூலில் (1981) எழுதியுள்ளார். நகைச்சுவை மிக்கது, அனைவரும் படிக்கத்தக்கது. கவிஞர் கிறிஸ்தோபர் ஒகிக்போவின் தந்தை கத்தோலிக்கப் பள்ளி ஆசிரியர். ஆனால் அவருடைய தாய்வழிப் பாட்டனாரோ இடோட்டோ என்னும் ஆற்றுத் தெய்வத்தின் பூசாரி. பாட்டனாரே பேரனாக மறுபிறவி எடுத்திருக்கிறார் என்று குடும்பத்தார் நம்பினர். ஒகிக்போவின் புகழ்பெற்ற கவிதைத் தொடர், ஊதாரி மைந்தன் வீடு திரும்புவதைப் போல் அவர் அந்த ஆற்றின்முன் வந்து நிற்பதில் தொடங்குகிறது. ஊதாரி மைந்தன் யார், அவன் தந்தை வீடு எது என்ற கேள்விக்கு நாம் மறையுரையில் தரும் விடை வேறு. இங்கே உவமை நம்முடையது, வீடு நம்முடையதன்று. படித்தபோது சினமே வந்தது. பிறகு, அவ்வுவமை இல்லாமல் அவரால் தம் ஏக்கத்தைச் சொல்லவும் முடியவில்லையே என்றும் தோன்றிற்று. (ஒகிக்போ கடினமான கவிஞர். மூன்று முறை படித்தும் எமக்குப் பாதிக்குமேல் விளங்கவில்லை என்பதை ஒப்புக்கொள்கின்றோம்.)

ஒகிக்போவின் முடிவு துயரமானது. 1967-இல் ஈபோ மக்கள் வாழ்ந்த கிழக்குப் பகுதி பயாஃப்ரா என்ற பெயரில் தனிநாடாகத் தன்னை அறிவித்தது, போர் மூண்டது. அச்சிபேயுடன் சேர்ந்து ஒரு பதிப்பகம் தொடங்கியிருந்த ஒகிக்போ, எழுதுகோலை வைத்துவிட்டுத் துப்பாக்கியை எடுத்தார். அவ்வாண்டே என்சுக்கா நகருக்கருகில் போரில் மாண்டார். போர் 1970 ஜனவரி வரை நீடித்தது. பட்டினியால் மடிந்த குழந்தைகளின் படங்கள் உலகெங்கும் பரவின. நெடுஞ்சாலையே ஓடுதளமாக்கப்பட்டிருந்த ஊலி என்னுமிடத்தில், திருச்சபைகள் கூடி, இரவோடு இரவாக விமானங்களில் உணவு இறக்கின. உண்டியலோடு வந்த அந்த வயிறு வீங்கிய குழந்தையின் படம் எந்த நாட்டினது என்று சிறுவயதில் எவரும் எமக்குச் சொல்லவில்லை. இப்போது நாமே ஊகித்துக்கொள்கின்றோம். போரைத் தடுக்க முயன்றமைக்காகச் சொயிங்காவை அரசு சிறையிலிட்டது. ஏறத்தாழ 22 மாதங்கள், பெரும்பகுதி தனிமைச் சிறையில்.

பிரெஞ்சு மொழி வழங்கும் செனகல் நாட்டில் இன்னொரு கத்தோலிக்கர். 1906-இல் ஜோவால் என்னும் கடற்கரையூரில் பிறந்த லியோபோல்டு செங்கோர், குருவானவராக வேண்டும் என்று விரும்பி டக்கார்க் குருமடத்தில் சேர்ந்தார். அழைத்தல் இல்லை என்று கூறி அவரை அனுப்பிவிட்டார்கள். எமது வகுப்பிலும் அவ்வாறு அனுப்பப்பட்டவர்கள் உண்டு. அவர்களில் சிலரை எண்ணிப் பெருமூச்செறிந்தோம். செங்கோர் கவிஞரானார். இரண்டாம் உலகப்போரில் பிரான்சுக்காகப் போரிட்டு ஜெர்மானியரிடம் கைதியாகி இரண்டாண்டு சிறைமுகாம்களில் கிடந்தார். அம்முகாம்களில் எழுதியவை பலவற்றைக் கொண்ட அவர்தம் கவிதைத் தொகுதியின் பெயர் 'ஓஸ்தீ நுவார்' (1948). பிரெஞ்சில் 'ஓஸ்தி' என்பது நாம் பீடத்தில் உயர்த்தும் அப்பத்துக்கும் வழங்கும் சொல். பலிப்பொருள் என்றும் பொருள்படும். பிரான்சின் போர்களில் மடிந்த கறுப்பினப் போர்வீரர்களை அவர் அச்சொல்லால் அழைத்தார். ஒரு குருவானவர் அதைக் கேட்டுவிட்டு மறுநாட் காலைப் பலிபீடத்தில் பழையபடி நிற்பது எளிதன்று.

அவர் 1960-இல், மிகப் பெரும்பான்மையோர் இசுலாமியராகிய அந்நாட்டின் முதற் குடியரசுத் தலைவரானார். இருபதாண்டுக்குப் பின் தாமாகவே பதவி விலகினார். ஆப்பிரிக்க மொழிகளுக்கும் திராவிட மொழிகளுக்கும் தொன்மையான உறவு உண்டு என்று அவர் உறுதியாக நம்பி, அவ்வாய்வுக்கு ஆதரவு அளித்தார் என்பது தமிழர் அறிய வேண்டியது. மொழியறிஞர் பலர் அதை ஏற்பதில்லை. ஆயினும் நம்மைத் தேடிய ஓர் உள்ளம் அங்கே இருந்தது. அதே நாட்டின் மரியாமா பா என்னும் இசுலாமிய ஆசிரியை, கணவனை இழந்த பெண்ணொருத்தி துக்க நாள்களில் தோழிக்கு எழுதும் ஒரு நீண்ட கடிதமாக நாவல் ஒன்று எழுதினார் (1979). கணவன் தன் மகளின் தோழியையே இரண்டாம் மனைவியாகக் கொண்ட கதை. சிறு நூல்; ஒரே மூச்சில் படிக்கலாம். நூல் வெளிவந்து இரண்டாண்டுக்குள் அவர் இறந்துவிட்டார். அந்நாட்டு எழுத்து அதோடு நிற்கவில்லை: 2021-இல் பிரான்சின் புகழ்மிக்க கோன்கூர் பரிசு செனகல் இளைஞர் முகம்மது புகார் சாருக்குக் கிடைத்தது.

இத்தனையும் படித்தபின், பெண்களின் குரலைக் கேட்க வேண்டும் என்ற எண்ணத்தில் சிமமாண்டா அடிச்சியிடம் வந்தோம். 1977-இல் பிறந்தவர், கத்தோலிக்கக் குடும்பத்தார், என்சுக்காப் பல்கலைக்கழக வளாகத்தில், முன்பு அச்சிபே குடியிருந்த அதே வீட்டில் வளர்ந்தவர். அவருடைய முதல் நாவல் 'பர்ப்பிள் ஹிபிஸ்கஸ்' (2003). ஊதாநிறச் செம்பருத்தி என்று பொருள். அந்நூலில் வரும் யூஜீன் என்பவரை நம் பங்குகளில் எல்லாரும் அறிவர். தொழிற்சாலை அதிபர். நாள்தோறும் திருப்பலி காண்பவர். ஏழைப் பிள்ளைகளுக்குப் பள்ளிக் கட்டணம் செலுத்துபவர். கொடுங்கோல் ஆட்சிக்கு அஞ்சாமல் செய்தித்தாள் நடத்துபவர். பங்குத்தந்தை பெனடிக்ட் மறையுரையில் திருத்தந்தைக்கும் இயேசுவுக்கும் நடுவே இவர் பெயரையும் சேர்த்துச் சொல்கிறார். இவையாவும் வேடமன்று, அவர் உண்மையிலேயே நல்லவர்.

அவரே வீட்டில் மனைவியை அடிக்கிறார். கருவுற்றிருக்கும்போதும் அடிக்கிறார். 'புறமதத்தவரான' தம் தந்தையோடு ஒரே கூரையின்கீழ்த் தங்கிய செய்தியை மறைத்தாள் என்பதற்காக, பதினைந்து வயது மகள் கம்பிலியின் பாதங்களில் கொதிநீர் ஊற்றுகிறார், ஊற்றும்போது அழுகிறார். மனைவி ஒவ்வொரு முறையும் அடிபட்ட பின் நிலைப்பெட்டியிலுள்ள பீங்கான் பொம்மைகளைத் துடைத்துக்கொண்டிருப்பாள். அந்தத் துணியும் அந்தப் பொம்மைகளும் எமக்கு வெகுநாள் மறக்கவில்லை. கம்பிலி ஒரு விடியற்காலையில் பாட்டனார் தம் முன்னோர் முறைப்படி செபிப்பதை ஒளிந்திருந்து பார்க்கிறாள். அவர் தம்மை ஒதுக்கிவிட்ட மகன் யூஜீனுக்காகவும் வேண்டிக்கொள்கிறார். இறுதியில் மனைவி கணவனுடைய தேநீரில் சிறிது சிறிதாக நஞ்சு கலக்கிறாள். மகன் ஜாஜா பழியைத் தன்மேல் ஏற்றுச் சிறை செல்கிறான்.

இந்நூலில் குறை இல்லாமல் இல்லை. கம்பிலிக்கும் இளங்குரு அமாடிக்கும் இடையிலான பற்றை ஆசிரியர் சற்றுக் கூடுதலாகவே நீட்டிவிட்டார் என்பது எமது எண்ணம். எனினும் திருச்சபையை வெறுத்து எழுதிய நூல் இஃதன்று. செபமாலைக்கு நடுவே ஈபோப் பாடல் பாடிச் சிரிக்கும் அத்தை இஃபியோமாவின் ஏழை வீடும் இதில் உண்டு, அவரும் கத்தோலிக்கரே.

நூலை எமது பங்கைச் சேர்ந்த ஆங்கில ஆசிரியை ஒருவருக்குப் படிக்கக் கொடுத்தோம். எந்த உள்நோக்கமும் இல்லை. நல்ல வாசகி என்பதால் கொடுத்தோம். (அவர் இசைவு பெற்றே இதை எழுதுகின்றோம். அவர் இப்போது பிள்ளைகளோடு வேறு மாநிலத்தில் வசிக்கிறார்.) மூன்று வாரம் கழித்து, நூலைச் செய்தித்தாளில் சுற்றி எடுத்துக்கொண்டு அறைவீட்டுக்கு வந்தார். கதை எப்படி என்று கேட்டோம். நன்றாயிருந்தது என்றார். எழுந்து வாயில்வரை சென்றவர் திரும்பி நின்றார்.

"சாமி, அந்தப் பங்குச் சாமியாருக்கு ஒன்றுமே தெரியாதா?"

தெரிந்திருக்காது என்று ஏதோ சொன்னோம். தலையசைத்துவிட்டுப் போய்விட்டார்.

அன்று சனிக்கிழமை. மறுநாள் திருப்பலியில் வாசிப்பதற்காக, கோவிலின் புதிய மணிக்கு நன்கொடை அளித்தோர் பட்டியலைக் கணக்கப்பிள்ளை எழுதி மேசைமீது வைத்திருந்தார். முதலாவதாக இருந்தது அந்த ஆசிரியையின் கணவர் பெயர். தாளை மடித்து இழுப்பறையில் வைத்துவிட்டு, குடையை எடுத்துக்கொண்டு அந்த வீட்டை நோக்கி நடந்தோம்.